நான்கு விரல் குதிகால்

தையல் கூடத்துச் சுவரில் மூன்று உடுப்புகள் தொங்கின. மூன்றும் பறக்கும் நாயகி படங்களுக்காகத் தையலக்கா தைத்தவை. முதல் படத்தில் நாயகிக்கு வேலையே கட்டிப்போட்ட இடத்தில் கிடந்து கத்துவதுதான். அதற்குக் கைக்குட்டை அளவு துணி போதும் என்றார்கள். இரண்டாவதில் வில்லனின் கன்னத்தில் ஒரே ஒரு அறை விட அனுமதித்தார்கள். மூன்றாவதில் சண்டையே போட்டாள், ஆனால் நான்கு விரல் உயரக் குதிகால் வைத்த பூட்ஸோடு. நான்காவதான இந்தப் படத்தில் அவள்தான் மூன்றாவது மாடியிலிருந்து குதித்து நாயகனைக் காப்பாற்றுகிறாள். பூட்ஸ் மட்டும் அதே பூட்ஸ்.

நடிகைக்குப் பதிலாகக் குதிப்பவள் அக்காவின் சொந்தத் தங்கை. போன படத்தில் அந்தக் குதிகாலோடு குதித்துக் கணுக்காலை உடைத்துக்கொண்டவள். இன்னொரு தடவை உடைந்தால் தொழிலை மறந்துவிட வேண்டியதுதான் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அக்கா நேரே இயக்குநரிடம் போய், குதிகால் இல்லாமல் தட்டையாகத் தைக்கட்டுமா என்று கேட்டாள்.

"குதிகால்லதாம்மா கம்பீரமே இருக்கு" என்றார் அவர், நிமிர்ந்துகூடப் பார்க்காமல்.

அக்காவுக்குச் சுருக்கென்றது. அவ்வளவு நல்ல கம்பீரத்தை ஒருத்திக்கு மட்டும் கொடுத்தால் எப்படி? உட்கார்ந்து நாயகனின் அளவிலும் ஒரு ஜோடி தைத்துவிட்டாள்.

நாயகன் கொஞ்சம் குள்ளம். பூட்ஸை மாட்டிக்கொண்டு கண்ணாடி முன் நின்றவனுக்குப் பூரிப்பு தாங்கவில்லை. குதிகாலில்தான் கம்பீரம் இருக்கிறதென்று இயக்குநரே சொன்னார் என்றாள் அக்கா, வாயில் விரலை வைத்தால்கூடக் கடிக்கத் தெரியாத முகத்தோடு.

காட்சியில் அவன் ஓடிவந்து நிற்க வேண்டும், அவ்வளவே. இரண்டு எட்டு ஒழுங்காகத்தான் வைத்தான். மூன்றாவதில் கால் ஒரு பக்கமும் உடம்பு ஒரு பக்கமுமாகப் போய், நேரே இயக்குநரின் மடியில் விழுந்தான். நாற்காலியோடு இருவரும் மல்லாந்தார்கள். தளமே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. மேக்கப்காரர் சிரித்த சிரிப்பில் பவுடர் டப்பா கவிழ்ந்து, பக்கத்தில் நின்ற மூன்று பேர் வெளுத்துப்போனார்கள்.

"இதைப் போட்டுக்கிட்டு மனுஷன் நடக்கவே முடியல. அந்தப் பொண்ணை மாடியிலேருந்து குதிக்கச் சொல்றீங்களே சார்" என்றான் நாயகன், தரையில் கிடந்தபடியே.

இயக்குநர் இடுப்பைத் தடவிக்கொண்டு எழுந்தார். இரண்டு பேருக்கும் தட்டையாகவே தைத்துவிடச் சொல்லி, எத்தனை நாளாகும் என்று முனகினார். அக்கா பைக்குள் கைவிட்டுத் தட்டையான இரண்டு ஜோடியையும் எடுத்து வைத்தாள்.

தங்கை மாடி விளிம்பில் ஏறி நின்றாள். இடுப்பில் கம்பி கட்டியிருந்தும் அக்காவுக்குப் பார்க்கத் தைரியமில்லை. கண்ணை இறுக மூடிக்கொண்டாள். தொம்மென்று ஒரு சத்தம். திறந்து பார்த்தால், தங்கை இரண்டு காலும் ஊன்றி நின்றிருந்தாள். உடைந்து கூடிய காலைத் தரையில் ஒருமுறை தட்டிப் பார்த்தாள். இயக்குநர் ஓகே சொல்லிவிட்டார். ஆனால் கம்பியை அவிழ்க்க வந்தவரை விலக்கிவிட்டு, தங்கை மறுபடி படிக்கட்டைப் பார்த்து ஓடினாள்.

"எங்கடி போற? அதான் முடிஞ்சிருச்சே" என்றாள் அக்கா.

"இன்னொரு தடவை குதிக்கிறேன்க்கா. கேமராவுக்கு இல்ல. நீ கண்ணைத் தொறந்துக்கிட்டுப் பாரு."