ஊமைவாயின் அகலம்

ஊரின் கிழக்கே பாறை இரண்டாகப் பிளந்து கிடந்த இடத்தை எல்லோரும் ஊமைவாய் என்றார்கள். அதன் விளிம்பிலிருந்து நூறடிக்குள் போய்விட்டால் எந்தச் சத்தமும் கேட்காது. பக்கத்தில் நின்று ஒருவர் தொண்டை கிழியக் கத்தினாலும் வாய் அசைவதுதான் தெரியும். காலடியில் கல் உடைந்தாலும் காதுக்கு எட்டாது. ஆழம் பார்க்க இறங்கியவர்கள் யாரும் திரும்பி வந்து சொல்லவில்லை.

அளவுக்காரிக்கு அங்கே மாதம் ஒருமுறை வேலை. அளவுக்கென்றே தெருக்கோடியில் நட்டிருந்த அடிக்கல்லில் சங்கிலியை மாட்டி, விளிம்பு வரை அளப்பாள். பதினொரு வருடமாக இருநூற்றுப் பன்னிரண்டு முழம். ஒரு விரற்கடை கூடக் குறைந்ததில்லை. ‘மாற்றமில்லை’ என்று எழுதிக் கையெழுத்துப் போடுவாள். அந்தக் கையெழுத்தை நம்பித்தான் அவளுடைய தங்கை அதே தெருவில் ரொட்டிக்கடை வைத்தாள், இரண்டு பிள்ளைகளையும் பெற்று வளர்த்தாள்.

கடையின் பின்வாசலுக்கும் மலைப்பாறைக்கும் நடுவில் ஒரு பள்ளம். மாவு மூட்டை இறக்க அதன்மேல் பலகை போட்டிருந்தார்கள். அன்று அளவுக்காரி போனபோது தங்கையின் கணவர் புதுப் பலகை அறுத்துக்கொண்டிருந்தார். இது மூன்றாவது பலகையாம். பழையது வெயிலில் சுருங்கி, எட்டாமல் போய்விட்டதாம். மனிதர் அடுப்புக் கட்டுவதில் சூரர், மற்றதில் கொஞ்சம் அப்பாவி. அளவுக்காரிக்குச் சிரிப்பு வந்தது. வந்த சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. மரம் நீளத்தில் ஒரு முழம் சுருங்குமா?

பலகை சுருங்கவில்லை என்றால், வீடுதான் பாறையை விட்டு நகர்ந்திருக்கிறது. வீட்டோடு தெரு, தெருவோடு அடிக்கல், விளிம்பு எல்லாம். கூடவே நகர்கிற கல்லிலிருந்து அளந்தால் மாற்றம் எப்படித் தெரியும்?

அலுவலகத்துக்கு ஓடி, அடிக்கல் நட்ட காலத்து ஏட்டைத் தேடி எடுத்தாள். வாயின் குறுகலான இடத்தில் அகலம் நாற்பது முழம் என்று இருந்தது. அதற்குப் பிறகு அகலத்தை யாரும் அளக்கவில்லை. அளக்க வேண்டுமானால் விளிம்பில் குப்புறப் படுக்க வேண்டும். யாருக்கு அந்தத் துணிச்சல்? மேலதிகாரி, இன்னும் ஒரு மாத அளவைப் பார்த்துவிட்டு யோசிக்கலாம் என்றார். அவர் நிதானமாகத்தான் யோசிப்பார், அவர் வீடு மலைமேல் இருந்தது.

மறுநாள் காலை அளவுக்காரி இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டாள். மறுமுனை தங்கை கணவரின் கையில். ஒரு இழுப்பு என்றால் நலம், இரண்டு என்றால் மேலே இழு.

“மாப்பிள்ளை, ரெண்டு இழுப்பு வர்ற வரைக்கும் கயித்த இழுக்கக் கூடாது. என்ன நடந்தாலும் சரி.”

அவர் தலையாட்டினார், முகம் வெளுத்திருந்தது.

சத்தம் அடங்கிய எல்லையைத் தாண்டி, தவழ்ந்து போய், ஏட்டில் சொன்ன அதே குறுகலான இடத்தில் விளிம்பில் படுத்தாள். முழத்துக்கு ஒரு முடிச்சுப் போட்ட நூலில் கொக்கியைக் கட்டி எதிர்ப்பாறைக்கு வீசினாள். மூன்றாவது வீச்சில் மாட்டியது. நூலை இறுக்கி முடிச்சுகளை எண்ண ஆரம்பித்தாள். இருபதை எட்டும்போது முழங்கைக்குக் கீழே பாறை ஓசையில்லாமல் பெயர்ந்து போனது. கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள். எண்ணிக்கையை விடவில்லை. முப்பத்தாறு. வாய் விரியவில்லை, தெரு இருந்த பாறை நகர நகர மூடிக்கொண்டிருந்தது. தலையைத் தொங்கவிட்டுக் கீழே பார்த்தாள். அவள் படுத்திருந்த பாறைக்கு அடியில் தாங்க ஒன்றுமில்லை, உள்ளே கண்ணுக்கு எட்டிய மட்டும் வெற்றிடம். அப்போதுதான் இரண்டு முறை இழுத்தாள்.

திரும்பியவள் அலுவலகப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. அடிக்கல் இல்லாத தெருவில் யாரும் ஒரு நாளும் குடியிருக்கக் கூடாது என்று சட்டம். கல்லைத் தொட்டால் வேலை போகும் என்பதும் அதே சட்டம்தான். கடப்பாரையை எடுத்துவந்து, பட்டப்பகலில், தெருவே வேடிக்கை பார்க்க, அடிக்கல்லைத் தோண்டினாள்.

தங்கை மாவுக் கையோடு வந்து நின்றாள்.

“பதினோரு வருஷமா மாற்றமில்லைன்னு எழுதினது நீதானேக்கா? அத நம்பித்தானே நான் இங்க அடுப்பு வச்சேன்?”

“ஆமாடி. நான்தான் எழுதினேன். தப்பா எழுதினேன். அதான் நானே பிடுங்குறேன்.”

தங்கையின் கண்கள் நிறைந்தன. அவள் உள்ளே போனாள். போய்விட்டாள் என்றே அளவுக்காரி நினைத்தாள். ஆனால் அவள் இரண்டு பிள்ளைகளையும் இழுத்துக்கொண்டு வந்து கணவரிடம் ஒப்படைத்தாள், மலைக்குக் கூட்டிப் போகச் சொன்னாள். பிறகு கடப்பாரையின் மறுபக்கம் கை வைத்தாள்.

“உன்மேல இருக்கிற கோபம் போகல. அது வேற விஷயம். அழுத்து.”

இருவரும் சேர்ந்து அழுத்தினார்கள். கல் சாய்ந்தது. குழியின் அடியில் மண் இல்லை. கை நுழையும் அளவுக்கு ஒரு ஓட்டை, அதற்குள் இருட்டு. தங்கை எட்டிப் பார்த்தாள். கடப்பாரையைக் கீழே போட்டாள்.

“நீ அந்த வரிசை, நான் இந்த வரிசை,” என்றாள்.

அக்காளும் தங்கையும் கதவு கதவாகத் தட்டிக்கொண்டு ஓடினார்கள்.