பஸ் வரும் திசையில் ஒரு மணமகள்

லண்டன் வால்தம்ஸ்டோ பஸ் தரிப்புகளில் ஒட்டியிருந்த ஒரு துணிக் கம்பனியின் பதினேழு விளம்பரப் படங்களிலும், மார்ச் மாதத்து ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஏழு பத்துக்கு, மணமகள் மாப்பிள்ளையை விட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அன்று லேசான தூறல். படத்தில் சிவப்புச் சேலையோடு நின்றவள் டாக்காவிலிருந்து வந்த மொடல் தாஸ்னுவா. பக்கத்தில் நின்றவன் ரைஹான். இருவரும் உண்மையிலேயே காதலர்கள் என்று அந்தக் கம்பனி ஊரெல்லாம் சொல்லிவைத்திருந்தது. அப்படி நடிக்கவேண்டும் என்று ஒப்பந்தத்தில் ஒரு பந்தியே உண்டு. ரைஹானுக்கோ ஒரு பல் வைத்தியரோடு இரகசியமாக நிச்சயமாகியிருந்தது.

அவள் திரும்பிப் பார்த்துப் புன்னகைத்தது எட்வேட் ஓட்டிவரும் பஸ்ஸை. மன்னார்க்காரனான அவனுடைய பஸ்ஸில்தான் எட்டு மாதமாக, ஆள் தெரியாமலிருக்க முகக்கவசத்தோடு படப்பிடிப்புக்குப் போய்வந்தாள். இறங்கும்போது சொல்லும் நன்றி வரவர நீண்டு, ஞாயிற்றுக்கிழமைத் தேநீராகியிருந்தது. படங்களுக்கும் அது தெரியும் என்று இருவரும் நினைக்கவில்லை.

கம்பனி புதுப் படங்களை ஒட்டியது; பசை காயுமுன் அவையும் திரும்பின. ரைஹானை மறுபக்கம் நிறுத்திப் பார்த்தது. அவனைத் தாண்டி எட்டிப் பார்த்தாள். வெள்ளிக்கிழமைக்குள் முகம் நேராகாவிட்டால் வேலை போய்விடும் என்று தாஸ்னுவாவுக்குக் கடிதம் வந்தது.

"ஊர் சிரிக்கப்போகுது எண்டு பயந்தன் தம்பி. இவளெல்லோ பல்லுத் தெரியச் சிரிக்கிறாள்!" என்றாள் எட்வேட்டின் அக்கா மேரிசாந்தி.

எட்வேட்டுக்குச் சிரிப்பு வரவில்லை. "நான் ஹவுன்ஸ்லோ பக்கம் ரூட் மாறிப் போறன். உமக்கு வேலை முக்கியம்" என்றான் தாஸ்னுவாவிடம்.

"வேண்டாம்" என்றாள் அவள், அவனிடம் பழகிய அரைகுறைத் தமிழில். "அவ்வளவு தூரம் பார்த்தால் கழுத்து நோகும்."

வெள்ளிக்கிழமை முகக்கவசம் இல்லாமல் பஸ் ஏறி, அவனுக்குப் பக்கத்தில் நின்று கதைத்துக்கொண்டே போனாள். பள்ளிப் பிள்ளைகள் படம் எடுத்தார்கள். பின்னேரத்துக்குள் டாக்கா முழுக்கத் தெரிந்துவிட்டது. ஒப்பந்தம் போனது. ரைஹான் மட்டும் பூச்செண்டு அனுப்பினான்.

படங்களைக் கிழிக்க வந்தவர்களைத் தரிப்பில் நின்ற சனம் விடவில்லை. படத்தில் அவள் புன்னகைத்தால் பஸ் இரண்டு தரிப்புக்கு அப்பால் என்பது அதற்குள் எல்லோருக்கும் பழகியிருந்தது. "பையை எடுங்கோ, பொம்பிளை சிரிச்சிட்டாள்" என்று தினமும் அங்கே பஸ் ஏறும் கனகாம்பிகை அன்ரி குரல் கொடுத்தால் வரிசை நிமிரும். அடுத்த வருடம் எட்வேட்டுக்கும் தாஸ்னுவாவுக்கும் பதிவுத் திருமணம். தாஸ்னுவா இப்போது ஒரு இருமல் மருந்து விளம்பரத்தில் தனியாக நிற்கிறாள். அவள் எந்தப் பக்கம் பார்த்தாலும் மருந்துக் கம்பனிக்குக் கவலையில்லை.

எட்வேட்டுக்கு லீவு நாள்களில் பதினேழு மணமகள்களும் கண்ணை மூடித் தூங்குகிறார்கள். அன்றைக்கு பஸ் எப்போது வரும் என்று ஒருவருக்கும் தெரியாது. சனம் குடையை விரித்து நடக்கத் தொடங்கும்.