தொப்புளில் தொடங்கும் டேப்பு

என் கூடப்பிறந்த தங்கையின் தலையில் அடித்துச் சத்தியம் செய்கிறேன்: இதில் ஒரு சொல்கூடப் பொய் கிடையாது.

தங்கை புருஷன் தையற்காரர். ஒருநாள் கடையைச் சாத்திவிட்டுப் போனவர், வயிற்றைச் சுற்றி ஓர் அளவு டேப்பைப் பச்சை குத்திக்கொண்டு திரும்பினார். தொப்புள்தான் பூஜ்யம். அங்கிருந்து முதுகைச் சுற்றிக்கொண்டு வரும்வரை அங்குலங்கள். எண்களெல்லாம் அவரே வரைந்து கொடுத்தவை. ஏழு, பாதி திறந்த கத்தரிக்கோல். எட்டு, அடுக்கி வைத்த இரண்டு பொத்தான்கள்.

தங்கை தலையில் கைவைத்தாள். “ஆணியில மாட்டுறத வயித்துல மாட்டிக்கிட்டு வந்திருக்கீங்களே!”

“நான் தைக்கிறதெல்லாம் அடுத்தவன் மேல ஏறிப் போயிடுது. என் மேலயே இருக்கிற மாதிரி ஒண்ணு வேணாமா?”

அத்தோடு விட்டாரா? வந்தவர்களை நூலால் அளந்தார். சட்டையைத் தூக்கி, நூலைத் தன் வயிற்றில் வைத்து எண்ணைப் படித்தார். குத்தியதோ வெறும் வயிற்றில். சாப்பிட்டால் அங்குலம் நீளும், எண் குறையும், துணி இறுகும். விவரம் தெரிந்தவர்கள் காலையிலேயே வந்து அளவு கொடுத்தார்கள். மற்றவர்கள் புதுத்துணியில் மூச்சைப் பிடித்துக்கொண்டு நடந்தார்கள்.

அவர்கள் மகளுக்குக் கல்யாணம் கூடிவந்தது.

“மாப்பிள்ளை கோட்டு மட்டும் இறுகட்டும்,” என்றாள் தங்கை. “அந்தப் படத்த லேசர் வச்சு அழிச்சுட்டுதான் மறுவேலை.”

மச்சான் ஒத்துக்கொண்டார். ஆனால் மாப்பிள்ளையை அளந்தது சம்பந்தி வீட்டு விருந்து முடிந்த கையோடு.

கல்யாணத்தன்று காலை, பொத்தானுக்கும் காஜாவுக்கும் பேச்சுவார்த்தையே இல்லை. மாடி அறையில் மாப்பிள்ளை கோட்டுக்குள் கைகளை விரித்தபடி நின்றார். தங்கை லேசர் கடைக்குப் போன் போட்டாள். மச்சான் வயிற்றைத் தடவிக்கொண்டு, ஊருக்குப் போகிற பிள்ளையைப் பார்ப்பதுபோல் குனிந்து பார்த்தார்.

“உங்க அங்குலத்துல தச்ச கோட்டுதானே மச்சான்? அங்குலத்த நீட்டுங்க,” என்றேன்.

ஓடிப்போய்ப் பந்தியில் உட்கார்ந்தார். முதல் இலை முடிந்ததும், மாடியில் கீழ்ப்பொத்தான் தானாக மாட்டிக்கொண்டது. இரண்டாவது இலையில் நடுப்பொத்தான். மூன்றாவதில் மேல்பொத்தான்.

“போதும் மாமா!” என்று மாடியிலிருந்து குரல் வந்தது. “தோள் தொங்குது!”

“அண்ணே, அவரப் பிடிச்சுத் தூக்கு!” என்று தங்கை கத்தினாள்.

படம் பிழைத்தது. இன்றும் அந்தக் கோட்டைப் போடுமுன் மருமகன் தவறாமல் போன் செய்து, “மாமா, சாப்டீங்களா?” என்று கேட்கிறார். இப்படியும் ஒரு மருமகனா என்று அக்கம்பக்கத்தில் பொறாமை.

என் அப்பா அம்மாவுக்கு நான் ஒரே குழந்தை.