நானூற்றுப் பதினேழு

புதுச் சாலைக்காக வெட்ட வேண்டிய மரத்தில் அடித்த எண், மறுநாள் காலையில் அதை அடித்தவரின் முதுகில் இருந்தது. வெள்ளைப் பெயிண்ட், 417. மனைவி மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்தாள், தோல்தான் சிவந்தது. "அந்த மரத்துல கை வைக்காதீங்கன்னு தலபாடா அடிச்சுக்கிட்டேனே, கேட்டீங்களா?" என்றாள். அவளுக்கு நாற்றுப் பண்ணையில் வேலை. அவரை, துவரை குடும்பத்தைச் சேர்ந்த அந்த மரத்தின் வகையில் உலகத்தில் மிஞ்சியது அது ஒன்றுதான். அது நின்ற, ஓடை தேங்கும் பள்ளத்துச் சேற்றைத் தவிர வேறெங்கும் அதன் விதை முளைக்காது. ஒன்பது வருடம் அவள் பார்த்திருந்து, இப்போதுதான் காய்த்திருந்தது. நெற்று வெடிக்க இன்னும் இரண்டு மாதம் வேண்டும்.

மரம் வெட்டுகிறவர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு: எண்ணை மூன்று முறை உரக்கப் படித்த பிறகே கோடரியை ஓங்குவார்கள். எண் இல்லாத மரத்தைத் தொட்டால் கை விளங்காது. "மரம் மொட்டையா நிக்குது, நம்பர் உங்க முதுகுல இருக்கு. உங்களையா வெட்டச் சொல்றீங்க?" என்று மேஸ்திரி கேட்டார். மேற்பார்வையாளர் தானே பிரஷ் எடுத்தார். மறுநாள் அவர் முதுகிலும் 417. ஒப்பந்தக்காரருக்கும் அதே கதி. வாரக் கடைசியில் அலுவலகத்தில் பதினோரு பேர் நாற்காலியில் சாய முடியாமல் அரிப்போடு உட்கார்ந்திருந்தார்கள். பொறியாளர் முதுகில் மட்டும் எண்ணுக்கு அடியில் அவர் வழக்கமாகப் போடும் கோடும் இருந்தது.

"ரோட்டை வளைச்சுத் தொலைங்கய்யா, பொண்டாட்டி வீட்டுக்குள்ள விடமாட்டேங்குறா" என்றார் பொறியாளர். வரைபடத்தில் வளைவு விழுந்த அன்றே பத்து முதுகுகளில் எண் அழிந்தது. முதலில் அடித்தவருடையது மட்டும் அழியவில்லை.

இரண்டு மாதம் கழித்து, ஒரு நடுப்பகலில், நெற்றுகள் படபடவென்று வெடித்தன. முப்பத்தொரு விதைகள் முளைத்தன. முழங்கால் சேற்றில் நின்று மனைவி "ஜெயிச்சுட்டோம்!" என்று கத்தி அழுதாள், சிரித்தாள். இன்று அங்கே தோப்பு நிற்கிறது. பேருந்துகள் அதைச் சுற்றிப் போகின்றன.

பதினைந்து வருடத்தில் கணவர் முதுகில் எண் மங்கியது. "இது அழிஞ்சா மரத்துல திரும்ப நம்பர் போட்டு யாராவது கோடரியோட வந்துருவாங்க" என்றார் அவர், சட்டையைக் கழற்றித் திரும்பி உட்கார்ந்தபடி. மனைவி பிரஷை எடுத்து ஒவ்வொரு இலக்கத்தின் மேலும் நிதானமாகப் பெயிண்ட் அடித்தாள். மறுநாள் காலையில் எண் அவர் முதுகிலேயே இருந்தது.