மீட்பு என்றால் எந்த மீட்பு?

ஏழு மணிச் செய்தி பார்க்கிற வீடுகளிலெல்லாம் அவள் தினமும் வந்து போகிறாள். ஆனால் தெருவில் நடந்து போனால் ஒருத்தருக்கும் அடையாளம் தெரியாது. திரையின் வலது மூலையில் தீப்பெட்டி அளவுக்கு ஒரு கட்டம் இருக்குமே, அதற்குள் நின்றுகொண்டு, வாசிக்கிற செய்தியைக் கைகளால் சொல்கிறவள் அவள்தான். காது கேட்கிறவர்கள் கண் அந்தப் பக்கம் போவதே இல்லை. நிலையத்தில் அவளுக்கு 'மூலையக்கா' என்று பெயர். பத்தொன்பது வருஷமாக அதே மூலை.

காது கேளாதவர்கள் அவளுக்கு வைத்திருக்கும் பெயர் வேறு. ஆளைக் குறிக்க அவர்கள் ஒரு சைகை வைத்துக்கொள்வார்கள். செய்தியில் கேள்வி எதுவும் வந்தால் இவளுடைய இடது புருவம் மட்டும் தனியாக மேலே ஏறிவிடும். ஒரு விரலால் புருவத்தைத் தூக்கிக் காட்டினால் அது இவள். புருவம். அந்தப் பெயரில் அவளுக்கு உள்ளூரப் பெருமை உண்டு. அவளுடைய அக்கா பிறந்ததிலிருந்தே காது கேளாதவள். அதனால் வாயில் பேச்சு வருவதற்கு முன்பே இவளுக்குக் கையில் பேச்சு வந்துவிட்டது. தன் கை தப்பாகப் பேசும் என்று அவள் ஒரு நாளும் நினைத்ததில்லை.

அந்த வாரம் திங்கட்கிழமை, செய்தியில் முதலில் வெள்ளம் வந்தது. எல்லை ஆறு கரையை உடைத்துக்கொண்டு இந்தப் பக்கத்து ஆற்றங்கரை மாவட்டத்துக்குள் புகுந்திருந்தது. அது முடிந்த கையோடு அடுத்த செய்தி: "ஆற்றங்கரை மாவட்டத்தை மீட்டே தீருவோம் என்று அண்டை நாட்டுப் பிரதமர் கூறியுள்ளார்." எழுபது வருஷத்துக்கு முன்னால் எல்லைக்கோடு போட்டபோது இந்த நாட்டோடு சேர்ந்த மாவட்டம் அது. அங்கே இருப்பவர்கள் இன்றைக்கும் ஆற்றுக்கு அந்தப் பக்கத்து மொழிதான் பேசுகிறார்கள். அண்டை நாட்டில் தேர்தல் வந்தால் அங்கிருக்கிற தலைவர் யாராவது ஒருவர் இப்படி முழங்குவது வழக்கம்.

காதில் செருகியிருந்த கருவியில் 'மீட்டே தீருவோம்' என்று விழுந்ததும், அவளுடைய வலது கை இடது மணிக்கட்டைப் பற்றி மேலே இழுத்தது. முங்குகிறவனைக் கைபிடித்துத் தூக்கிவிடுகிற சைகை. இரண்டு நொடிக்குள் வார்த்தை கையாக மாற வேண்டும். யோசிக்க ஏது நேரம்? செவ்வாயும் அதே செய்தி, அதே கை. புதனும் வியாழனும் அப்படியே. வேலை முடிந்து வீட்டுக்குப் போனாள், சாப்பிட்டாள், நிம்மதியாகத் தூங்கினாள்.

வெள்ளிக்கிழமை மதியம் வாசல் காவலர் போன் செய்தார். "அக்கா, ஒருத்தர் வந்து நிக்கிறாரு. பேச்சு வரல. புருவத்தைத் தூக்கித் தூக்கிக் காட்டுறாரு. உங்களத்தான் கேக்குறாரு போல."

கீழே இறங்கிப் போனாள். முப்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஆள். பேன்ட் முழுக்க வெள்ளைத் தூள், நகக்கண்ணில் ரோஸ் நிற மெழுகு. கட்டுப்பல் செய்யும் லேபில் வேலை என்று தெரிந்தது. அவன் தன் பெயரைச் சொன்னான்: முன்பல்லை நகத்தால் இரண்டு தட்டு. பல்.

சைகை மொழியில் நீ, நீங்கள் என்று இரண்டு கிடையாது. ஒரு விரலை நீட்டினால் முடிந்தது. அது மரியாதையா கோபமா என்பது முகத்தில்தான் தெரியும். அவன் முகத்தில் மரியாதை இல்லை.

"இதை உனக்கு யார் சொல்லிக்கொடுத்தா?" என்று அவன் மணிக்கட்டைப் பற்றித் தூக்கிக் காட்டினான். "நாலு நாளா இதைச் சொல்லிட்டிருக்கியே, என்ன அர்த்தத்துல சொல்ற?"

"மீட்பு," என்றாள் இவள். "அவங்க பிரதமர் சொன்னதைத்தான் சொன்னேன்."

"எங்க அம்மா ஆற்றங்கரையில இருக்காங்க. அவங்களுக்கும் காது கேக்காது. பள்ளிக்கூடம் போகல, கீழ ஓடுற எழுத்தும் படிக்கத் தெரியாது. வெள்ளம் வந்து மாடியில இருக்காங்க. சாயங்காலம் ரெண்டு மணி நேரம் கரண்ட் வரும். அப்ப உன்னைத்தான் பாக்குறாங்க."

பிறகு அவன் மீதியையும் சொன்னான். மாவட்ட நிர்வாகம் ஜனங்களை வெளியேற்ற பஸ் விட்டிருந்தது. இரண்டு மைல் தண்ணீரில் நடந்தால் பஸ் நிற்கும் மேட்டுக்குப் போய்விடலாம். ஞாயிறோடு பஸ் நின்றுவிடும். தெருவே காலியாகிவிட்டது. அவன் அம்மா மட்டும் நகரவில்லை. பக்கத்து வீட்டுக்காரர்கள் கையைப் பிடித்து இழுத்துப் பார்த்தார்கள். பெண்மணி அசையவில்லை.

"ஆத்துக்கு அந்தப் பக்கத்துலருந்து நம்மள தூக்கிவிட வர்றாங்களாம். வந்தா படகுலதானே வரணும்? வாசல்லயே ஏத்திப்பாங்க. முட்டி வலியோட நான் ஏன் தண்ணியில நடக்கணும்? இப்படித்தான் எங்கம்மா சொல்றாங்க," என்றான் பல். "வீடியோ கால்ல நான் தலைபாடா அடிச்சிக்கிட்டேன். 'நீ பல்லு செய்யிறவன், உனக்கு என்ன தெரியும்? புருவம் சொல்லிட்டா'ன்னு சொல்றாங்க. பெத்த பிள்ளை பேச்சு எடுபடல. உன் கைதான் வேதவாக்கா இருக்கு."

பத்தொன்பது வருஷத்தில் முதல் தடவையாக, அவள் கை செய்த தப்பால் ஒருத்தி தண்ணீருக்கு நடுவே உட்கார்ந்திருக்கிறாள். சாக்குச் சொல்ல வாய் வந்தது, கை வரவில்லை. "தப்பு என்னுது," என்று மட்டும் சொன்னாள்.

அவன் அதை எதிர்பார்த்து வரவில்லை போலிருக்கிறது. சண்டைக்கு இழுத்து வைத்திருந்த மூச்சை மெதுவாக விட்டான். "சரி, இப்ப என்ன பண்ணலாம்?" என்றான். இந்த முறை விரல் நீண்டதில் கொஞ்சம் மரியாதை இருந்தது.

கேண்டீனில் போய் உட்கார்ந்தார்கள். செய்தி ஆசிரியர் அங்கேதான் டீயும் கையுமாக இருந்தார். அவள் விஷயத்தைச் சொன்னதும் அவர் கிளாஸை வைத்துவிட்டார்.

"ஏம்மா, அது வெள்ளத்துல இருந்து காப்பாத்துற மீட்பு இல்லம்மா. 'அந்த மண்ணு எங்களுது, அங்க இருக்கற ஜனங்க எங்க ஜனங்க, திரும்ப எங்ககிட்ட வரணும்'னு அடுத்த நாட்டு எடத்தைக் கேக்குறது. மீட்புவாதம்னு அதுக்குப் பேரு. இத்தாலியில ஒரு காலத்துல 'மீட்கப்படாத மண்'ணுன்னு சொல்லிட்டுத் திரிஞ்சாங்க, அங்கருந்து வந்த வார்த்தை."

"நாம செய்தியில மீட்புன்னுதானே வாசிச்சோம்?" என்றாள் அவள்.

ஆசிரியர் வழுக்கைத் தலையைத் தடவிக்கொண்டார். "வாசிச்சோம். அவரு சொன்னதை அப்படியே வாசிச்சோம். எடத்தைக் கேக்குறவன் எவனும் நான் மீட்புவாதின்னு சொல்லிக்க மாட்டான்மா. மீட்புன்னுதான் சொல்லுவான். வாதம்னு சொல்றது அடுத்தவன்தான்."

அவள் அதைப் பல்லுக்குச் சொன்னாள். அவன் மெழுகு ஒட்டிய விரல்களால் மேசையைத் தட்டி யோசித்தான். "மீட்புன்னாலே அது முதல்ல அவங்களுதுன்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடுதே," என்றான். "எங்க அம்மாவைக் கேட்டா, நான் என் வீட்டுலதான இருக்கேன், என்னை எங்கருந்து மீட்குறீங்கன்னு கேப்பாங்க."

அந்த வார்த்தைக்கு ஒரு சைகை இல்லை. இருவரும் உருவாக்க உட்கார்ந்தார்கள். அவள் இடது உள்ளங்கையை விரித்து நிலமாக வைத்தாள். வலது கையால் அதன் ஓரத்தைப் பற்றித் தன் நெஞ்சுக்கு இழுத்தாள். பல் உடனே அவள் கையைப் பிடித்து நிறுத்தினான்.

"உங்க பக்கம் இழுக்காதீங்க. நெஞ்சுக்கு இழுத்தா நீங்களே கேக்குற மாதிரி ஆயிடும். நீங்க செய்தி சொல்றவங்க. நிலத்தைக் கேக்குறவர் எங்க இருக்காரு? முதல்ல அவரை அந்த மூலையில நிறுத்துங்க. இழுக்கறது அவரு பக்கம் போகட்டும்."

அவள் பிரதமரைக் காற்றில் வலப்பக்கம் நிறுத்தினாள். உள்ளங்கையை அந்தப் பக்கமாக இழுத்தாள். சரியாகத்தான் வந்தது. ஆனாலும் அவன் தலையை ஆட்டினான். "மண்ணு மட்டும் போகுது. ஆளுங்க எங்க?"

கடைசியில் இப்படி ஆனது: இடது உள்ளங்கை நிலம். வலது கையின் இரண்டு விரல்கள் அதன்மேல் கால்களாக நிற்கும், அவர்கள் ஜனங்கள். பிறகு வலது கை எழுந்து, கேட்கிறவர் பக்கம் போய், அங்கிருந்து நிலத்தின் ஓரத்தைப் பற்றும். 'என்னுது' என்கிற முகம் கேட்கிறவருக்கு மட்டும். இரண்டு நொடிக்குள் முடிகிறதா என்று பல் செல்போனில் நேரம் பார்த்தான். ஒன்றே முக்கால்.

"இப்ப இதை அவங்க பாக்கணுமே," என்றாள் அவள். ஆசிரியரிடம் திரும்பினாள். "சார், எனக்கு இன்னிக்கு ஒரு நிமிஷம் வேணும். முழுத் திரையில."

"விளையாடுறியாம்மா? ஏழு மணிச் செய்தியில ஒரு நிமிஷமா? மூலைக் கட்டத்துலயே சொல்லிடேன்."

"அந்தக் கட்டத்துல என் விரல் எள்ளு மாதிரி தெரியும் சார். இது புதுச் சைகை. வயசானவங்க. வெறும் ரெண்டு விரலும் ஒரு உள்ளங்கையும் சரியாத் தெரியலன்னா மறுபடியும் தப்பாப் புரிஞ்சிக்குவாங்க."

அவர் பல்லைப் பார்த்தார். பல்லுக்கு அவர்கள் பேசியது புரியவில்லை. ஆனால் எதைப் பற்றிய பேச்சு என்று தெரியும். அவன் அம்மாவின் படத்தைச் செல்போனில் திறந்து மேசைமேல் வைத்தான். மாடிப் படியில், கட்டிய பையை மடியில் வைத்துக்கொண்டு, தலை வாரி, நல்ல புடவை கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கல்யாணத்துக்குக் கிளம்பியவள் மாதிரி.

"விளையாட்டுச் செய்தியில வெட்டிக்கறேன்," என்றார் ஆசிரியர். "திட்டு வாங்கறது நான்."

ஏழு பதினொன்றுக்கு அவள் நடுத்திரைக்கு வந்தாள். வாசிப்பாளர் அவள் எழுதிக் கொடுத்ததை வாசித்தார். அவள் கைகள் சொன்னது இதுதான்: "நாலு நாளா நான் ஒரு தப்பு பண்ணிட்டேன். தூக்கிவிட வர்றாங்கன்னு சொன்னேன். அப்படி இல்லை. அந்த நாட்டுப் பிரதமர் கேக்குறது நிலத்தை. வெள்ளத்துல இருக்கறவங்களுக்கு அந்தப் பக்கத்துலருந்து படகு வராது. பஸ் ஞாயித்துக்கிழமை வரைக்கும்தான். என்னை நம்பி உக்காந்திருக்கறவங்க தயவுசெஞ்சு எழுந்திருங்க. என்னை மன்னிச்சிடுங்க."

ஸ்டூடியோவின் கண்ணாடிக்குப் பின்னால் பல் செல்போனைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தான். செய்தி முடிந்து நாலு நிமிஷத்தில் அதில் வெளிச்சம் வந்தது. அவன் அம்மா. முகத்தைக் காமிராவுக்கு மிகவும் கிட்டத்தில் வைத்துக்கொண்டு, கோபமாக, ஒரே ஒரு கேள்வி: "நாளைக்கு எத்தனை மணிக்கு பஸ்?"

பல் செல்போனைக் கண்ணாடியில் ஒட்டி வைத்து அவளுக்குக் காட்டினான். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டே கண்ணாடி வழியாக அவனைப் பார்த்துச் சிரித்தாள்.

மறுநாள் சாயங்காலம் பஸ் நிலையத்துக்கு அவளும் போனாள். போகலாமா வேண்டாமா என்று காலையிலிருந்து ஆயிரம் தடவை யோசித்துவிட்டுத்தான் போனாள். இடுப்பு வரை சேறு காய்ந்த புடவையோடு அந்த அம்மா இறங்கினாள். மகனை ஒரு பார்வை பார்த்து, ஒல்லியாகிவிட்டான் என்று குறை சொல்லி முடித்ததும் இவளிடம் திரும்பினாள். வந்து, கட்டைவிரலால் இவளுடைய இடது புருவத்தைத் தடவிப் பார்த்தாள்.

"டிவியில கட்டைவிரல் அளவுக்கு இருந்த. எங்க மாவட்டத்தைவிட நீ பெரிசா இருக்கியே!"

"உங்களை ரொம்பக் கஷ்டப்படுத்திட்டேன்மா."

"நேத்து நீ மன்னிப்புக் கேட்டல்ல?" என்றாள் அந்த அம்மா. "எனக்கு அறுபத்தாறு வயசு. அந்த நாட்டுக்காரங்க எங்க மண்ணுன்னு சொன்னாங்க, இந்த நாட்டுக்காரங்களும் எங்க மண்ணுன்னு சொன்னாங்க. என்கிட்ட வந்து ஒருத்தரும் ஒரு வார்த்தை கேட்டதில்ல. தப்பு பண்ணிட்டேன்னு சொன்னதுமில்ல. நீ ஒருத்திதான் சொல்லியிருக்க." பிறகு புதுச் சைகையைச் செய்து பார்த்தாள். உள்ளங்கைமேல் இரண்டு விரல்களையும் ஊன்றி, அவற்றுக்கு முட்டி வலி வந்த மாதிரி நொண்டி நடக்க வைத்தாள். மூன்று பேரும் சிரித்த சிரிப்பில் பஸ் நடத்துனர் திரும்பிப் பார்த்தார். அதே பஸ்ஸிலிருந்து இறங்கிய இன்னும் இரண்டு பெண்கள் புருவத்தைத் தூக்கிக் காட்டி இவளுக்கு வணக்கம் சொன்னார்கள். அவர்களும் படகுக்காகக் காத்திருந்தவர்களாம்.

ஆறு வடிந்தது. தேர்தல் முடிந்ததும் அந்தப் பிரதமர் வேறு பேச்சுக்குப் போய்விட்டார். இரண்டு மாதம் மகன் வீட்டில் இருந்துவிட்டு அந்த அம்மா தன் வீட்டுக்கே திரும்பிப் போனாள்.

பல் நினைத்திருந்தால் நிலையத்துக்கு ஒரு புகார் எழுதிப் போட்டிருக்கலாம். நாலு பேரிடம் சொல்லி அவள் பெயரை நாறடித்திருக்கலாம். அதை விட்டு அரை நாள் லீவு போட்டு, தூள் படிந்த பேன்ட்டோடு நேரே அவளிடமே வந்தான். அதை நினைக்கும்போதெல்லாம் அவளுக்கு நெஞ்சு நிறைந்துவிடும். ஒரு நாள் அவனிடம் கேட்டும் விட்டாள், ஒவ்வொரு சனிக்கிழமையும் அந்த வாரத்துச் சைகைகளைப் பார்த்துத் திருத்தித் தர முடியுமா என்று.

முதல் சனிக்கிழமை லேபுக்குப் போனபோது பல்லோடு இன்னும் நாலு பேர் காத்திருந்தார்கள். சுற்றிலும் அலமாரி நிறையக் கட்டுப்பற்கள் இளித்துக்கொண்டிருந்தன. மூன்று மணி நேரம் அவளைப் பிய்த்து எடுத்துவிட்டார்கள். 'இடைக்கால ஜாமீன்' என்பதற்கு இத்தனை வருஷமாக அவள் செய்துவந்த சைகை, 'பாதி வழியில் ஓடிப்போனவன்' என்று அர்த்தம் ஆகிறதாம்.

வீட்டுக்கு வந்து கணவனிடம் சொன்னாள். "இன்னிக்குப் பதினொரு தப்பு கண்டுபிடிச்சாங்க."

"பதினொன்னா? அதுக்கா இப்படி வாயெல்லாம் பல்லா வந்து நிக்கிற?"

"ஆமா," என்று சொல்லிவிட்டு, நோட்டைத் திறந்து, ஜாமீனுக்குப் புதுச் சைகையைக் கண்ணாடி முன்னால் நின்று செய்து பார்த்தாள்.