கரை இறங்காதவன்

மரைன் ஹில்லில் வியாகுலத்தின் வீட்டு டி.வி.யில் சாயங்காலமானால் அந்தப் பாழாய்ப்போன சீரியல் தொடங்கிவிடும். அண்ணனைச் சாகவிட்ட ஒருத்தன், 'நான் அன்னைக்கு ஊரிலேயே இல்லை' என்று சொல்லிச் சொல்லிக் கடைசியில் தானே நம்பிவிட்ட கதை. பக்கத்து வீட்டு சுஜிதாவும் வந்து உட்கார்ந்துகொள்வாள். வியாகுலத்துக்கு இருப்புக் கொள்ளாது.

எப்படிக் கொள்ளும்? ஆறு வருடத்துக்கு முன் புயல் எச்சரிக்கையை மீறி இவனும் சுஜிதாவின் புருஷன் டெர்வினும் மீன்பிடிக்கப் போனார்கள். அலை டெர்வினை வாரிக்கொண்டு போனது. இவன் தேடாமல் ஓடிவந்துவிட்டான். படகு லைசென்ஸ் போய்விடுமே என்று ஊரில் வேறு கதை சொன்னான்: "வண்டூர் கரையில இறக்கிவிட்டேன். மெயின்லாண்டு போறேன்னான்." சொல்லிச் சொல்லி, டெர்வின் பச்சைப் பையோடு கரையில் நடந்துபோவது இவன் கண்ணுக்கே தெரிய ஆரம்பித்திருந்தது.

இப்போது வந்தது வினை. தையல் மிஷினை விற்று, தீவிலிருந்து மெயின்லாண்டு போகும் வெள்ளிக்கிழமைக் கப்பலுக்கு டிக்கெட் எடுத்துவிட்டாள் சுஜிதா. புருஷனைத் தேடப் போகிறாளாம்.

"இவன் பொய் சொல்லலை மைனி, நெசம்னே நம்புறான். பாவம்," என்றாள் டி.வி.யைப் பார்த்தபடி.

"பாவமாவது. சோறு இறங்குதுல்லா அவனுக்கு?" என்றாள் வியாகுலத்தின் மனைவி ரோசலின்.

விளம்பரம் வந்ததும் சுஜிதா வியாகுலத்திடம் ஒரு தாளை நீட்டினாள். கல்லறைத் திருநாள் பூசையில் வாசிக்க, வீட்டுக்கு வீடு இறந்தவர்களின் பெயர்களை அவள்தான் வாங்கிக்கொண்டிருந்தாள்.

"அண்ணே, உங்க வீட்டுப் பேரெல்லாம் எழுதித் தாங்க. ஃபாதர்ட்ட குடுக்கணும்."

விட்டால் போதுமென்று மளமளவென எழுதிக் கொடுத்தான். தினமும் செபமாலை முடிந்ததும் இறந்தவர்களுக்காக வாய்க்குள் முணுமுணுக்கும் அதே வரிசை. அப்பா, அம்மா, தங்கம்மா சித்தி.

தாளை வாங்கியவள் மடிக்கவில்லை. "இதுல அவரு பேரு இருக்கே, அண்ணே."

வியாகுலம் எட்டிப் பார்த்தான்; கடைசி வரியில் டெர்வின். கை தவறிவிட்டது என்று ஒரு வார்த்தை போதும். நம்பிவிடுவாள், கப்பலும் ஏறிவிடுவாள். ஊர் ஊராக அலைவாளே பாவி மகள் என்று நினைத்ததும் அந்தப் பொய்யை விழுங்கிவிட்டான். ரோசலின் டி.வி.யை அணைத்தாள்.

"செத்துட்டாரா?"

"ஆமா."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"எம் பேரைச் சொல்லித்தான் கூப்பிட்டான், சுஜிதா. நான் படகைத் திருப்பலை."