கன்ரொக்கு சொல்ல மறுத்த கனவு

எங்கள் சந்தில் வீட்டுக்கு வீடு சுவர் இருக்கிறது, பேருக்கு. பக்கத்து வீட்டில் தும்மினால் நான் மூக்கைத் துடைத்துக்கொள்வேன். அப்படியிருக்க, வருஷத்தின் முதல் கனவு காண வேண்டிய இரவு கழிந்து விடிந்தபோது பக்கத்து வீட்டுக் கன்ரொக்கு போட்ட கூச்சல் என் காதில் விழாமல் போகுமா?

"பக்கு சாமி, தின்னுடு! பக்கு சாமி, தின்னுடு! பக்கு சாமி, தின்னுடு!"

கெட்ட கனவு கண்டவர்கள் எழுந்ததும் இப்படி மூன்று முறை சொன்னால், யானைத் துதிக்கையும் புலிக்காலுமாகப் பக்கு வந்து கனவை விழுங்கிவிட்டுப் போகும். தாராளமாக விழுங்கட்டும், யார் வேண்டாமென்றது? ஆனால் அன்றைக்கா? தலையணைக்கு அடியில் புதையல் கப்பல் படத்தை வைத்துக்கொண்டு, வருஷமெல்லாம் அதிர்ஷ்டம் தரும் கனவாக ஃபுஜி மலை வராதா, பருந்து வராதா, போகட்டும், ஒரு கத்தரிக்காயாவது வராதா என்று எடோ நகரமே ஏங்கிப் படுத்திருந்த ராத்திரி அது. அந்தக் கனவையே தின்னச் சொல்கிறான் என்றால் அது என்ன கண்றாவிக் கனவோ!

அவன் பெண்டாட்டி ஓமிட்சுவும் அதைத்தான் கேட்டாள்.

"என்னய்யா கனவு?"

"ஒண்ணுமில்ல."

"ஒண்ணுமில்லாததுக்கா தொண்டை கிழியக் கத்தினே? தூக்கத்துல 'போகாதே, போகாதே'ன்னு வேற அழுதியே. யாரைப் போகாதேன்னே?"

"கொடுத்தது கொடுத்தாச்சுடி. வெளிய சொன்னா பக்கு வயித்துலேருந்து கிளம்பி வந்து அப்படியே பலிச்சுடும். கேக்காதே."

நியாயமான பேச்சுதான். தின்னக் கொடுத்த கனவை எங்கள் சந்தில் யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். ஆனால் கட்டினவளிடம் நியாயம் பேசி ஜெயித்த ஆம்பிளையை நான் இன்னும் பார்க்கவில்லை. அவள் கேட்கக் கேட்க, இவன் உதட்டைப் பூட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். வேறு பேச்சு பேசியாவது மழுப்பத் தெரிய வேண்டாமா, மடையனுக்கு?

ஓமிட்சு கிணற்றடிக்கு வந்தாள். நான் அரிசி களைந்துகொண்டிருந்தேன்.

"அக்கா, பாலத்தடியில டீக்கடை வச்சிருக்காளே ஓனாமி, அவ கடைச் சுவருக்கு இவர்தானே மண்ணு பூசினாரு?"

"ஆமா, அதுக்கென்ன? அவர் பொழப்பே அதுதானே."

"ஒரு சுவருக்கு இலையுதிர் காலம் முழுக்கவா ஆகும்?"

"ஓட்டைச் சுவரா இருந்திருக்கும்டி."

"அவளத்தான் போகாதேன்னிருக்காரு."

"அட போடி! வாத்து மூக்குக்காரி அவ. அவளப் போய் எவன் கனவுல கூப்பிடுவான்?"

நல்லதுக்குத்தான் சொன்னேன். எங்கே காதில் ஏறியது? வீட்டுக்குள் போனவள் துணிமணியையெல்லாம் பச்சைத் துணியில் போட்டு மூட்டையாகக் கட்டினாள். பானையும் அவள் அம்மா வீட்டுச் சீதனம். அதை விட்டுவிட்டுப் போவாளா? அதில் மோச்சிக் கொழுக்கட்டை மிதக்கக் கொதித்துக்கொண்டிருந்த புத்தாண்டு சூப்பை அக்கம்பக்கத்துக்கெல்லாம் ஊற்றிக் கொடுத்துவிட்டுக் கழுவினாள். நானும் கிண்ணத்தை நீட்டினேன். சண்டை வேறு, சூப் வேறு.

"ஆத்துக்கு அந்தாண்ட எங்கப்பா வீடு இருக்கு. உன் கனவோட நீயே குடும்பம் நடத்து!"

கன்ரொக்கு வாயைத் திறந்தான், மூடினான், மறுபடி திறந்தான். முகம் சுண்ணாம்பாக வெளுத்துப்போயிற்று. எனக்கே அவனைப் பிடித்து நாலு சாத்து சாத்தலாம் போல எரிச்சல் வந்தது. அவள் மூட்டையும் பானையுமாகச் சந்தின் வாசலை நோக்கி நடந்தாள். சந்தே கையில் கிண்ணத்தோடு நின்று வேடிக்கை பார்த்தது.

வாசல் கட்டையில் அவள் கால் வைத்ததுதான் தாமதம், இவன் உறைபனியில் வெறுங்காலோடு ஓடினான். வடிகால் பலகை தடுக்கி விழுந்து, எழுந்து, அவள் சட்டைக் கையைப் பிடித்துக்கொண்டான்.

"நில்லுடி! சொல்லிடறேன்!"

"சொல்லாதடா, பலிச்சுடும்!" என்று நான் கத்தினேன், வாயில் மோச்சியோடு.

"சொன்னாலும் போறா, சொல்லாட்டியும் போறா! இனிமே பலிக்கறதுக்கு என்ன இருக்கு?" என்றவன் அவளிடம் திரும்பினான். "நீதான்டி அது! இதோ இப்படி மூட்டையக் கட்டிக்கிட்டு இந்த வாசலத் தாண்டிப் போனே. கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பாத்தேன், நீ திரும்பியே பாக்கல. போதுமா? வருஷத்து முதக் கனவு எனக்கு இப்படியா வரணும்!"

அவ்வளவு பெரிய மனுஷன், மூக்கு ஒழுக அழுதான். எனக்கும் அழுகை வந்துவிட்டது.

ஓமிட்சு அவனை ஏற இறங்கப் பார்த்தாள்.

"கனவுல என் பின்னாடி ஓடி வந்தியா?"

"எங்கேர்ந்து? காலு ரெண்டும் சேத்துல புதைஞ்ச மாதிரி ஆயிடுச்சு. ஓரடி நகர முடியல."

அவள் பார்வை அவன் பாதத்துக்குப் போயிற்று. பனியில் சிவந்து, கட்டைவிரல் நகம் பெயர்ந்து ரத்தம் கசிந்துகொண்டிருந்தது.

"அப்ப இது அந்தக் கனவு இல்ல" என்று சொல்லி, பானையைத் தூக்கி அவன் கையில் கொடுத்தாள்.